படுத்த படுக்கை

ஜூன் 4
காலையில் தனியே நடந்துபோய்ப் பல் வைத்தியரைப் பார்த்துவிட்டு, வெயில் ஏறுமுன் திரும்பினேன். அங்கே என்னைவிட இளையவர்கள்கூட யாரையாவது துணைக்குக் கூட்டிவந்திருந்தார்கள்.

மகளுக்கு மாறுதல் உத்தரவு. வேறு மண்டலம். கருவூலத்தில் இத்தனை வருடம் உழைத்துச் சேர்த்த சீனியாரிட்டி இங்கேயே நின்றுவிடும். அங்கே பட்டியலில் கடைசி ஆள். அடுத்த பதவி உயர்வு அவளுடையதாக இருந்தது. சாப்பிடாமல் படுத்துவிட்டாள்.

ஜூன் 9
வழக்கறிஞர் வீட்டுக்கே வந்தார். "சீனியாரிட்டி போகுதுன்னு மட்டும் சொன்னா, கவர்மெண்ட் வேலைன்னா மாறுதல் இருக்கத்தான் செய்யும்னு தள்ளிடுவாங்க. மனிதாபிமானமா ஏதாவது காட்டணும்." சொல்லிக்கொண்டே என்னை மேலும் கீழும் பார்த்தார், மாடு வாங்க வந்தவர் போல.

ஜூன் 17
மனுவின் நகலைப் படித்தேன். 'மனுதாரரின் எழுபத்தெட்டு வயதுத் தாயார் படுத்த படுக்கையாக உள்ளார். உண்ணவும் உடுக்கவும் மகளையே நம்பியிருக்கிறார்.'

நானா? இஸ்திரி போடாத புடவையில் என்னை எவராவது பார்த்ததுண்டா?

"எல்லாரும் எழுதறதுதாம்மா. யாரும் வந்து பாக்கப் போறதில்ல" என்றாள் மகள்.

ஜூன் 25
இடைக்காலத் தடை கிடைத்துவிட்டது. மகள் சிரித்தாள்.

ஜூலை 11
நேரில் விசாரிக்கத் துறையிலிருந்து ஒரு அதிகாரி வருகிறாராம். நீதிமன்றம் அறிக்கை கேட்டிருக்கிறது.

"ஒரு அரைமணி நேரம் படுத்துக்கோங்கம்மா. அது போதும்."

"நான் படிச்சது கான்வென்ட்ல. நாடகக் கம்பெனியில இல்ல."

"சரி, நான் போறேன். எனக்கு எத்தனையோ வருஷம் அப்புறம் வேலைக்குச் சேந்த பசங்க முன்னாடி கைகட்டி நிக்கறேன். உங்க கவுரவம் நல்லா இருக்கட்டும்."

கதவை அறைந்து சாத்தினாள். ஐம்பத்திரண்டு வயதுப் பெண்.

ஜூலை 18
படுத்தேன்.

அழைப்பு மணி அடிக்கும்வரை நாற்காலியில் நிமிர்ந்துதான் உட்கார்ந்திருந்தேன். அவள் கெஞ்சவில்லை. என்னைப் பார்க்கக்கூட இல்லை. தூக்குமேடைக்குப் போகிறவள் மாதிரிக் கதவைத் திறக்கப் போனாள். அந்த நடையைப் பார்த்ததும் என் கால் தானாகக் கட்டிலுக்குப் போயிற்று. தலையை நானே கலைத்துக்கொண்டேன் — யாரும் சொல்லவில்லை.

வந்தது ஒரு பெண், மகளைவிடச் சின்னவள். "பாட்டி! என்ன சாப்ட்டீங்க?" என்று தெருவுக்கே கேட்கும்படி கத்தினாள். வாயைத் திறந்தேன். மூடிக்கொண்டேன்.

"பேச்சும் இல்லையா?"

"இல்ல" என்றாள் மகள். எவ்வளவு சுலபமாகச் சொன்னாள்!

ஆகஸ்ட் 2
தீர்ப்பு வரும்வரை வெளியே போகக்கூடாதாம். பால்கனியும் கூடாது. யார் கண்ணிலாவது பட்டால்? சரி என்றேன்.

செப்டம்பர் 20
மாறுதல் ரத்து. "உங்கம்மாவாலதான் ஜெயிச்சோம்" என்றாராம் வழக்கறிஞர்.

இனி வெளியே போகலாமே? தோன்றவில்லை. புடவை எதற்கு, நைட்டியே போதும்.

அக்டோபர் 6
மகளுக்குப் பதிலாக, பட்டியலில் அவளுக்கு அடுத்திருந்தவனை அனுப்பிவிட்டார்கள். இன்று அவனுடைய தாயார் வந்திருந்தார். கூடத்தில் பேசியது என் அறைக்குக் கேட்டது. நிதானமான குரல்.

"உன்னைக் குறை சொல்ல வரலம்மா. அவனும் வக்கீலைப் பாத்தான். 'உங்கம்மா நல்லா நடமாடறாங்களே, கேஸ் நிக்காது'ன்னுட்டார். படுத்துக்கோங்கன்னு அவன் என் கால்ல விழாத குறை. நான் மாட்டேன்னுட்டேன். எனக்கும் எழுபத்தெட்டு. நல்லா நடக்கறேன் பாரு, அதான் என் பிள்ளைக்கு நான் பண்ணின துரோகம்." சிரித்தார். "உங்கம்மாவை ஒரு தடவை பாத்துட்டுப் போறேன்."

"தூங்கறாங்க."

"எழுப்ப வேணாம். நின்னு பாத்துக்கறேன்."

எழுந்து போய், உட்காருங்கள் என்று சொல்லியிருக்க வேண்டும். வீட்டுக்கு வந்தவரை நிற்கவைத்து எனக்குப் பழக்கமில்லை. படுத்தே கிடந்ததில் கால் நடுங்குகிறது, உண்மைதான். அதுவல்ல காரணம்.

காலடி அறை வாசலில் நின்றது. சுவர்ப்பக்கம் திரும்பிக் கண்ணை மூடிக்கொண்டேன். வெகுநேரம் நின்றார். பிறகு, என் தூக்கம் கெடாதிருக்க விளக்கை அணைத்துவிட்டு, சத்தமில்லாமல் கதவைச் சாத்திக்கொண்டு போனார்.