தீவனம் வாங்கியது யார்

அன்பு மகளுக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் நலம், ஒருவர்மேல் ஒருவர் புகார் கொடுக்காத நாட்களில் பரம நலம். அங்கே நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் அப்படியே இருக்க வேண்டும். உன் இருமல் விட்டதா, இல்லை போனில் எனக்காக அடக்கிக்கொண்டு பேசுகிறாயா? மாடித் தொட்டியின் கசிவை அடைத்தாயிற்று. உன் பழைய அலமாரியைக் கீழ்வீட்டுத் தையல்காரர் எடுத்துக்கொண்டார், உள்ளே ஒட்டியிருந்த சினிமாப் படங்களோடு. போனில் சொல்ல முடியாத சேதி ஒன்று இருக்கிறது. போனில் பேசினால் அப்பா பக்கத்தில் உட்கார்ந்து வரிக்கு வரி திருத்தம் சொல்வார், அதனால்தான் காகிதம்.

முதலில் ரகசியத்தைச் சொல்லிவிடுகிறேன். ஆறு வாரமாக நான் கார் ஓட்டக் கற்றுக்கொண்டேன். ஆமாம், அறுபத்திரண்டு வயதில்தான், சிரித்து முடித்துவிட்டு மேலே படி. ஆசைக்காகப் போகவில்லை, பயத்தில் போனேன். உன் அப்பா நம் கேட்டின் தூணை இரண்டு முறை உரசிவிட்டுத் தூணைத் திட்டினார். ஓரமாக வந்த சைக்கிள்காரர் கூச்சல் போட்ட பிறகுதான் அவர் அங்கே இருப்பதே அப்பாவுக்குத் தெரிந்தது. கண்ணைக் காட்டுங்கள் என்றால் நூறு பேர் ஏறும் பெட்டியில் டிக்கெட் இல்லாதவனை ஒரே பார்வையில் பிடித்த கண் இது என்பார். ரயிலில் முப்பத்தொரு வருஷம் டிக்கெட் பரிசோதித்தவரிடம் கார் சாவியைக் கொடுங்கள் என்று கேட்பதும் மீசையை எடுங்கள் என்று கேட்பதும் ஒன்றுதான். யார்மேலாவது ஏற்றிவிடுவாரோ என்று பக்கத்து இருக்கையில் தினமும் கதவுப் பிடியை விடாமல் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கையில் லைசென்ஸை வைத்துக்கொண்டு பேச்சை ஆரம்பிக்கலாம் என்று திட்டம் போட்டு, நூலகத்தில் புத்தகக் கணக்கெடுப்பு நடக்கிறது என்று சொல்லிவிட்டு மத்தியானம் மத்தியானம் டிரைவிங் ஸ்கூலுக்குப் போனேன். ஆறு வாரமாக எண்ணுகிற அளவுக்கு அங்கே அப்படி என்ன புத்தகம் என்று அப்பா ஒரு தடவை கேட்டார். சிலது தொலைந்து தொலைந்து திரும்பி வருகிறது என்று சொல்லிவைத்தேன்.

டிரைவிங் ஸ்கூல் ஃபீஸை என் கார்டில்தான் கட்டினேன், வெளியே போனால் அப்பாவும் எடுத்துப்போவது அதே கார்டைத்தான். அப்பா என் பையைக் குடைவார் என்று தெரிந்து, ரசீதை ஒரு பார்வைகூடப் பார்க்காமல் கிழித்து அங்கேயே குப்பையில் போட்டேன். ஸ்டேட்மெண்ட் வரும் நாளில் தபால்காரரை வாசலிலேயே மடக்கிவிடலாம் என்று நினைத்திருந்தேன், அவர் ஒரு நாள் முன்னாலேயே வந்துவிட்டார். அப்பா ஸ்கேலை வரிக்கடியில் வைத்து ஒவ்வொன்றாக உரக்கப் படிக்க, நான் அடுப்பங்கரையில் கரண்டியும் கையுமாக நிற்கிறேன். மளிகை, பெட்ரோல், மருந்துக் கடை, அடுத்து ஒரு பெரிய தொகைக்கு எதிரே கால்நடைத் தீவன நிலையம் என்று வந்தது. டிரைவிங் ஸ்கூல் என்ற பேச்சே இல்லை. அது அடுத்த மாசம்தான் வரும்போல, அதற்குள் டெஸ்ட்டே முடிந்துவிடும் என்று எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

அப்பா என்னை ஏற இறங்கப் பார்த்து, இந்த வீட்டில் தீவனம் தின்பது யார் என்று கேட்டார். கேட்கும்போது என்னைப் பார்க்காதீர்கள் என்றேன். வந்த நிம்மதியில் எனக்கு வீராவேசம் பிறந்துவிட்டது. யாரோ கார்டைத் திருடித் தங்கள் மாட்டுக்கு விருந்து வைத்திருக்கிறார்கள், விடக் கூடாது என்று அப்பாவைவிட நான்தான் அதிகம் குதித்தேன். உடனே வங்கிக்குப் போன் போட்டோம். அவர்கள் கார்டை முடக்கினார்கள், படிவம் அனுப்பினார்கள், விசாரணை முடியும்வரை அந்தத் தொகையை என் பேரில் பிடிக்க மாட்டோம் என்றார்கள். இதை நானும் வாங்கவில்லை, என் அனுமதியோடு வேறு யாரும் வாங்கவில்லை என்ற வரிக்குக் கீழே, அழகாகக் கையெழுத்துப் போட்டேன். அப்பா என் முதுகில் தட்டிக்கொடுத்தார், எங்கள் கல்யாணத்துக்குப் பிறகு அது இரண்டாவது தடவை.

பத்து நாள் கழித்து நடந்ததைக் கேள். நான் ஸ்டியரிங்கைப் பிடித்திருக்கிறேன், பக்கத்தில் சொல்லிக்கொடுக்கிற பெண், உன்னைவிடக் கொஞ்சம் மூத்தவள், தங்கமானவள். நான் நூலகத்தில் வேலை பார்ப்பதால் அவளுக்கு நான் லைப்ரரி அக்கா, படிவத்தில் எழுதிய பேர் அவளுக்கு நினைவிலேயே இல்லை. அன்றைக்கு அவள் முகம் கடுகடுவென்று இருந்தது. என்னம்மா என்றேன். எவளோ ஒரு மகராசி ஃபீஸைக் கார்டில் கட்டிப் படித்துவிட்டு, நான் வாங்கவே இல்லை என்று வங்கியில் எழுதிக்கொடுத்துப் பணத்தைத் திரும்ப எடுத்துவிட்டாளாம். இந்த மாசம் காருக்குத் தவணை கட்டவே வழியில்லை என்றாள். பாவம் என்று உச்சுக்கொட்டினேன். மாமனார் முன்னால் தீவனக் கடை வைத்திருந்தாராம், கார்டு தேய்க்கிற மெஷின் அந்தப் பேரிலேயே ஓடுகிறதாம், மாற்றாதது தன் தப்புதான் என்று அவள் சொல்லி வாய் மூடவில்லை, நான் நட்ட நடுச் சாலையில் கிளட்ச்சை விட்டுவிட்டேன். கார் ஒரு குலுக்குக் குலுக்கி நின்றது. பின்னால் ஒரே ஹாரன். வண்டியை ஓரம் கட்டச் சொன்னாள். கட்டிவிட்டு, அந்த மகராசி நான்தான் என்றேன்.

அவள் திட்டவில்லை, திட்டியிருந்தால் தேவலை. இன்னும் நாலு நாளில் அக்காவுக்கு டெஸ்ட், நான் வங்கிக்குப் பதில் போட்டால் உங்கள் கையெழுத்தும் போட்டோவும் உள்ள படிவத்தின் நகலை வங்கி வீட்டுக்கே அனுப்பிவிடும், நீங்களே புகாரை வாபஸ் வாங்கிவிடுங்கள் என்று மெதுவாகச் சொன்னாள். நம் வீட்டில் தபாலைப் பிரிப்பது யார் என்று உனக்குத் தெரியும். போதாக்குறைக்கு வங்கியில் பதிந்திருப்பதும் அப்பாவின் போன் நம்பர். தனக்குத்தானே ஆப்பு வைத்துக்கொள்வது என்பார்களே, அதை நான் சுத்தியலும் கையுமாக நின்று வைத்திருந்தேன்.

வீட்டுக்கு வந்து அப்பாவிடம் போனை வாங்கி நம்பரைப் போட்டேன். உன் அப்பா எதையும் ஸ்பீக்கரில் போடாமல் விட மாட்டார். புகாரைத் திரும்பப் பெறுகிறேன், அது நான் கட்டிய டிரைவிங் ஸ்கூல் ஃபீஸ்தான், பேர் மாறியிருந்ததால் தெரியவில்லை என்று ஒரே மூச்சில் சொன்னேன். அப்பா கையில் இருந்த ஸ்கேல் கீழே விழுந்தது. வாயைத் திறப்பதற்குள் வங்கிப் பெண் குறுக்கே வந்தாள். கார்டு திருட்டு என்று பதிந்திருப்பதால் மற்ற வரிகளையும் சரிபார்க்க வேண்டும், ஒவ்வொன்றுக்கும் ஆமாம் இல்லை சொல்லுங்கள் என்றாள். மளிகை ஆமாம், பெட்ரோல் ஆமாம், மருந்துக் கடை ஆமாம். அடுத்ததாகக் கண் ஆஸ்பத்திரி, இரண்டு தடவை என்றாள். அது எங்களுடையது இல்லையே, இதுதான் நிஜத் திருட்டு என்று நான் ஆரம்பிக்கும்போது அப்பா தரையைப் பார்த்துக்கொண்டு, "அது என்னுது" என்றார்.

வேறு ஏதாவது தகராறு இருக்கிறதா மேடம் என்று அந்தப் பெண் கேட்டாள். "இல்லம்மா, மிச்சத் தகராற நாங்களே பாத்துக்கறோம்" என்று வைத்துவிட்டேன்.

விஷயம் இதுதான். அப்பாவுக்குப் பார்வை நரம்பு தேய்ந்துகொண்டு வருகிறது. நேரே தெரியும், பக்கவாட்டில் தெரியாது. போனது திரும்பாது, இருப்பதைச் சொட்டு மருந்து போட்டுக் காப்பாற்றலாம், வண்டி மட்டும் ஓட்டக் கூடாது என்று டாக்டர் சொல்லி ஏழு வாரம் ஆகிறது. இந்த மனுஷர் குளியலறையைத் தாழிட்டு மருந்தைப் போட்டுக்கொண்டு, என்னையும் ஏற்றிக்கொண்டு ஓட்டியிருக்கிறார். தீவனத்தைப் பிடித்துக்கொண்டு அத்தனை கூத்துப் போட்டதும், அடுத்த வரியை நான் பார்த்துவிடக் கூடாது என்பதற்காகத்தானாம். எனக்கு அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. கேட்க வேண்டியதையெல்லாம் கேட்டேன். எல்லாவற்றையும் வாங்கிக்கொண்டு கடைசியில், "வண்டியையும் விட்டுட்டா அப்புறம் நான் யாருடி" என்றார். அப்போதுதான் அழுதேன்.

டெஸ்ட்டில் தேறிவிட்டேன். ரிவர்ஸில் மட்டும் ஒரு கூம்பைத் தட்டினேன், அதை அப்பாவிடம் சொல்லிவிடாதே. அந்தப் பெண்ணுக்குப் பணம் திரும்பப் போய்விட்டது. மெஷினின் பேரை மாற்றும் படிவத்தை அப்பாவே கூட உட்கார்ந்து நிரப்பிக்கொடுத்தார். இப்போது நான் ஓட்டுகிறேன், அவர் பக்கத்தில் உட்கார்ந்து இல்லாத பிரேக்கை மிதிக்கிறார். நீயும் உன் ஸ்டேட்மெண்ட்டை மாதாமாதம் வரி விடாமல் பார். தெரியாத பேர் வந்தால் எடுத்ததும் குதிக்காதே, தேதியைப் பார், அன்றைக்கு எங்கே போனோம் என்று யோசி, மாப்பிள்ளையை ஒரு வார்த்தை கேள், அப்புறம் வங்கியைக் கூப்பிடு. ரசீதைக் கிழிக்காதே. வருஷத்துக்கு ஒரு தடவை கண்ணைக் காட்டு, இது அப்பா வழியில் வரக்கூடியது என்று டாக்டர் சொல்கிறார், விளையாட்டாக எடுத்துக்கொள்ளாதே.

குழந்தைக்கு என் முத்தம். நீங்கள் மூன்று பேரும் நோய் நொடி இல்லாமல், ஒருவருக்கொருவர் ஒளிக்க ஒன்றும் இல்லாமல் நூறு வருஷம் இருக்க வேண்டும். லீவுக்கு வரும்போது டாக்ஸி பிடிக்காதே, விமான நிலையத்துக்கு நானே வண்டியை எடுத்துக்கொண்டு வருகிறேன். அப்பாவும் வருவார். வழிப் பலகைகளையெல்லாம் எனக்குப் படித்துச் சொல்வது இனிமேல் தன் வேலை என்று சொல்லியிருக்கிறார். அவர் தப்பாகப் படித்தால் நீ திருத்தாதே, வழி எனக்குத் தெரியும்.

உன் அம்மா