அ. இளவரசி என்ற கையெழுத்து

ஆகஸ்ட் 11, 2023

தலைவரைப் பார்க்க ஏழு பேர் வந்தார்கள். அன்பரசு பேசி அனுப்பினார். ஊராட்சித் தலைவர் நான். ஊர் தலைவர் என்று கூப்பிடுவது என் கணவர் அன்பரசுவை. பெண்களுக்கு ஒதுக்கிய பதவி என்று என்னை நிறுத்தினார்கள். நாலாவது வருடம். எம்.ஏ. வரலாறு படித்தவள் டீ போட்டேன்.

ஆகஸ்ட் 15

கிராம சபை. கொள்ளிடக் கரையில் சவுடு மண் அள்ளும் லாரிகளைப் பற்றி வார்டு உறுப்பினர் சாமிக்கண்ணு என்னிடம் கேட்டார். “கரைய வெட்டிட்டா வெள்ளத்துக்கு நாங்க எங்க போறது?”

அன்பரசு முந்திக்கொண்டார். “அவுங்கள என்னா கேக்குற, என்னாண்ட கேளு.” கூட்டம் சிரித்தது.

ஆகஸ்ட் 17

பொக்லைனை மறித்த சாமிக்கண்ணுவை மண் அள்ளும் ஆட்கள் இரும்புக் கம்பியால் அடித்துவிட்டார்கள். முழங்கை நொறுங்கிவிட்டது. சிதம்பரம் ஆஸ்பத்திரிக்குப் போனேன். அவர் மனைவி மங்கலம் என் புடவையைப் பிடித்திழுத்துத் தரையில் தள்ளினாள். “கையெழுத்து போட்டுக் குடுத்துட்டு ஆரஞ்சு வாங்கியாந்திருக்கியா?”

எந்தக் கையெழுத்து? மண் அள்ளச் சம்மதித்து என் பெயரில் தீர்மானம் இருக்கிறதாம். நகலை அவர் முகத்துக்கு நேரே ஆட்டிவிட்டுத்தான் அடித்தார்களாம்.

ஆகஸ்ட் 18

நகலைப் பார்த்தேன். ‘அ. இளவரசி’. ‘ள’வின் சுழி அன்பரசு போடுவது.

நான் ரா. இளவரசி. அப்பா ராஜமாணிக்கம். பட்டச் சான்றிதழ், வேட்புமனு, இத்தனை வருடக் கோப்புகள் — எல்லாவற்றிலும் ரா.தான். கல்யாணமானதும் இனிஷியல் தானாக மாறிவிடும் என்று நினைத்திருக்கிறார். இருபத்துமூன்று வருடத்தில் ஒரு தடவைகூடப் பார்த்ததில்லையா?

அவர் எதிரிலேயே சிரித்துவிட்டேன். சிரித்திருக்கக் கூடாது.

ஆகஸ்ட் 19

உதடு கிழிந்திருக்கிறது. ஒரு பல் ஆடுகிறது. தலையைச் சுவரில் மோதும்போது ஒன்றையே திரும்பத் திரும்பக் கேட்டார். “யாரு போட்ட பிச்சைடி இந்தப் பதவி?”

பிறகு அவரே ஐஸ் கொண்டுவந்தார். திங்கட்கிழமை அந்தத் தீர்மானத்தைப் பற்றிக் கடலூரில் விசாரணை. “இனிஷியல மாத்திக்கிட்டேன்னு சொல்லு. ஒரு எழுத்துதான?”

ஆகஸ்ட் 20

உண்மையைச் சொன்னால் அவர் ஜெயிலுக்குப் போவார். சொல்லாவிட்டால் சாமிக்கண்ணுவின் கையை உடைத்தது நான்.

ஆகஸ்ட் 21

அதிகாரி தாளை என் பக்கம் திருப்பினார். அன்பரசு பக்கத்து நாற்காலியில். மேசைக்கடியில் என் மணிக்கட்டைத் திருகிப் பிடித்திருந்தார்.

என்னுடையது இல்லை என்றேன். யார் போட்டது என்றார். திருகிய கையைத் தூக்கி மேசைமேல் வைத்தேன். அன்பரசுவின் கையும் கூடவே வந்தது.

ஆகஸ்ட் 24

அவரைக் கைது செய்துவிட்டார்கள். அவருடைய ஆட்கள் வீட்டின் எல்லா ஜன்னலையும் உடைத்தார்கள். கண்ணாடியைக் கூட்டவே மதியம் ஆகிவிட்டது. லாரிகள் வரவில்லை.

செப்டம்பர் 5

சாமிக்கண்ணுவின் கை இனி மடங்காதாம். சொல்ல வந்த மங்கலம் வாசலிலேயே நின்றாள். அன்பரசு ஜாமீனில் வந்துவிட்டால் என்ன செய்வீர்கள் என்று கேட்டாள்.

காலையில்தான் பூட்டு மாற்றியிருந்தேன். இரண்டு சாவி. ஒன்றை அவளிடம் கொடுத்தேன். நாலு நாள் என்னை வெளியே பார்க்காவிட்டால் திறந்து பார்க்கச் சொன்னேன்.

“நாலு நாளு எதுக்கு?” என்றாள். “தெனம் வரேன்.”