நீதிமன்றத்தில் மாட்டுக்குடல்

அன்பு மகளுக்கு,

ரோமில் உன் அப்பன் திடீரென்று பிரபலமாகிவிட்டான். நாற்பது வருடத்துக்கு முன் தடை செய்த அந்தத் திகில் படத்தை மெருகேற்றித் திரும்பவும் திரையிடுகிறார்கள். செத்தவன் வயிற்றிலிருந்து சரியும் குடல் நம் கறிக்கடையில் வாங்கியதல்லவா, அதனால் என்னையும் மேடைக்குக் கூப்பிட்டிருக்கிறார்கள்.

படத்துக்காக நிஜமாகவே ஆளைக் கொன்றுவிட்டதாக இயக்குநர் மேல் நடந்த வழக்கில் நான் சாட்சி சொன்ன கதை உனக்குப் புளித்திருக்கும். இந்த ஒரு முறை பொறுத்துக்கொள்.

"ஐயா, அது கன்னுக்குட்டிக் குடலுங்க. சனிக்கிழமைன்னா எங்க வீட்ல இதான்" என்று உன் அம்மா சமைத்ததைப் பாத்திரத்தோடு நீட்டினேன்.

நீதிபதி ஒரு வாய் போட்டுக்கொண்டு, "புதினா சரியா விழுந்திருக்கு" என்றார்.

மிலான் ஊர்க்காரரான கோர்ட் குமாஸ்தா முகம் சுளித்தார். "குடலுக்குப் புதினாவா? பீன்ஸ்தான் போடணும்."

"நீ பேசாம எழுதுய்யா. மிலான்ல குடலை எவன் ஒழுங்கா ஆக்குறான்?"

அரை மணி நேரம் கொலையை யாரும் நினைக்கவில்லை. அன்றே அந்தக் குற்றச்சாட்டு தள்ளுபடியானது.

பள்ளியில் உன்னைப் 'பிணக்கடைக்காரன் பொண்ணு' என்றார்கள். நீ அழுதுகொண்டு கடைக்கு வந்தபோதும் நான் யாரிடமோ இதே கதையைச் சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்தேன். அதற்கப்புறம் நீ கடைப்பக்கம் வரவில்லை.

மேடையிலும் இதைத்தான் சொல்லச் சொல்கிறார்கள். நீ வேண்டாமென்றால் வாயைத் திறக்கமாட்டேன்.

டிக்கெட் ஒன்று இதில் வைத்திருக்கிறேன். யாரிடமும் சொல்லாதே, அந்தப் படத்தை நான் முழுதாகப் பார்த்ததே இல்லை. குடல் வரும்போது கண்ணை மூடிக்கொள்வேன். எப்போது திறக்கலாமென்று சொல்ல, பக்கத்தில் நீ இருந்தால் நல்லது.

உன் அப்பா