தேய்த்த கண்ணாடி

அன்புள்ள அம்மா,

நான் நலம். உன் முழங்கால் வலி குறைந்ததா? அப்பா மாத்திரையை மறக்காமல் போடுகிறாரா?

இங்கே ஆய்வகத்தில் ஒரு கூத்து நடந்தது. லேசர் ஒளி அளவுக்கு மீறி ஒழுங்கானது. அதனால் அதை வைத்து நாங்கள் எடுக்கும் படத்தில் மணல் தூவியதுபோல் புள்ளிகள் விழும். அந்த ஒழுங்கைப் பாதி குலைக்கத்தான் ஒரு கண்ணாடியை நானே தேய்த்துச் சொரசொரப்பாக்கி, ஒளியின் வழியில் சுழலவிட்டிருந்தேன். படம் தெளிந்துவிட்டது.

நான் சாப்பிடப் போன நேரத்தில், என் சீனியர் அதைக் கீறல் விழுந்த கண்ணாடி என்று குப்பையில் போட்டுவிட்டு, பளபளவென்று புதிதாக ஒன்றை மாட்டியிருக்கிறார். புள்ளிகள் திரும்பிவிட்டன. பேராசிரியர் எல்லார் முன்னாலும் சொன்னார்: "இதுக்கா இத்தனை மாசம்? வேற யாருக்காவது குடுத்துடலாம்."

உடைந்த கண்ணாடிகளைப் போடும் வாளியில் கையை விட்டு, என் கண்ணாடியைத் தேடி எடுத்து மாட்டினேன். புள்ளிகள் போய்விட்டன. சீனியர் சிரிக்கிறார்: "முன்னாடியே சொல்லியிருக்கலாமேம்மா."

"ஒவ்வொரு மீட்டிங்லயும் சொன்னேன் சார். நீங்க போன் பாத்துட்டு இருந்தீங்க."

"கோபத்தப் பாரு," என்றார் பேராசிரியர். மன்னிப்பு என்ற சொல்லை இருவருமே கேள்விப்பட்டதில்லை போலும். வேலை என்னிடமே இருக்கிறது, பயப்படாதே. விரலில் சின்னக் கீறல்தான், பிளாஸ்திரி போட்டாயிற்று.

ஞாயிற்றுக்கிழமை பேசி முடித்ததும் போனைத் துண்டித்துவிடாதே. அப்படியே அடுப்படியில் வைத்துவிட்டு உன் வேலையைப் பார், அந்தச் சத்தம் கேட்டால் போதும்.

சீனியர் கையில் துடைக்கும் துணியோடு என் கண்ணாடிப் பக்கம் போகிறார். முடிக்கிறேன்.

உன் மகள்