அடுப்பின் விலை எனக்குத் தெரியும்

வுட்சைட், நியூயார்க்
14 மார்ச் 1957

அன்புள்ள ரோசலீன்,

நான் பேராசைப்பட்டுத் தோற்றேன் என்று யாராவது உனக்கு எழுதியிருந்தால், அது தவறு. விலை தெரியாமல் தோற்றேன் என்பது அதைவிடப் பெரிய தவறு. அந்த மின்சார அடுப்பைச் சனிக்கிழமைதோறும் கடைக் கண்ணாடி வழியே பார்க்கிறேன். முந்நூற்று எண்பத்தொன்பது டாலர்.

செவ்வாய்க்கிழமை காலை டிவியில் வரும் அந்த விலை சொல்லும் போட்டியில் உட்கார்ந்தேன். தொடங்கி நாலு மாதம்கூட ஆகாத நிகழ்ச்சி. மேசையில் பெயிண்ட் வாசனை போகவில்லை, விலையைக் காட்டும் எண்பலகை இரண்டு முறை சிக்கிக்கொண்டது. நாலு பேர் மாறி மாறி விலையை ஏற்ற வேண்டும். உண்மையான விலையைத் தாண்டாமல் அதற்கு மிக அருகில் வருபவருக்குப் பொருள். போதும் என்று பட்டால் நிறுத்திக்கொள்ளலாம்.

பக்கத்தில் ஒரு மீன் வியாபாரி. "பாட்டிம்மா, தினம் ஏலத்துல நிக்கிறவன் சொல்றேன், நிறுத்திக்குங்க" என்றார். நான் உங்கள் பாட்டி இல்லை என்றேன்.

முந்நூற்று எண்பதில் நிறுத்தியிருந்தால் அடுப்பு என்னுடையது. நிறுத்தியவர்கள் பக்கம் கேமரா திரும்புவதில்லை என்பதை முதல் பொருளிலேயே கவனித்துவிட்டேன். விலையை ஏற்றுகிறவர் முகத்தைத்தான் காட்டுகிறார்கள். நீ இந்த நிகழ்ச்சியை விடாமல் பார்ப்பதாக உன் கணவர் ஆர்விட் கிறிஸ்துமஸ் வாழ்த்தில் எழுதியிருந்தார். அதில் உன் கையெழுத்து இல்லை.

ஆகவே நானூறு என்றேன். பிறகு நானூற்றுப் பத்து. கன்னியர் பள்ளியில் சொல்லிக்கொடுத்தபடி முதுகை நிமிர்த்தி, நேராகக் கேமராவைப் பார்த்துச் சொன்னேன். உன் முதல் சம்பளத்தில் நீ வாங்கித் தந்த நீலக்கல் ப்ரூச்சைச் சட்டையில் குத்தியிருந்தேன். கறுப்பு வெள்ளை டிவியில் நீலம் தெரியாது என்பது ரயிலில் திரும்பும்போதுதான் உறைத்தது.

மாடிவீட்டுத் திருமதி குபியெட்ஸ் படியிலேயே பிடித்துக்கொண்டாள். "அடுப்பு வேணும்னா கேட்டிருக்கலாமே ஹொனோரா, ஊரே பார்க்க இப்படியா எகிறுவே?" என்றாள். ஒரு ஆளுக்கு முட்டை அவிக்க இருக்கிற அடுப்பே அதிகம் என்று அவளிடம் சொல்லவில்லை.

மூன்று வருடம் முன்பு, ஆர்விடின் தேவாலயம் நம் சபையுடையது இல்லை என்று உன் கல்யாணத்துக்கு வராமல் வீட்டில் உட்கார்ந்திருந்தேன். கல்யாணத்துக்கென்று போட்ட தொப்பியை அன்று மாலை வரை கழற்றவில்லை. இதை நான் யாரிடமும் சொன்னதில்லை.

கடவுள் உன்னையும் ஆர்விடையும் காப்பாராக.

செவ்வாய்க்கிழமை நீ என்னைப் பார்த்தாயா? பார்த்தேன் என்றாலும் இல்லை என்றாலும், உன் கையால் ஒரு வரி எழுதி அனுப்பு.

உன் அம்மா,
ஹொனோரா டியர்னி