நாற்பத்திரண்டாம் பக்கம்

அன்புள்ள குட்டிமாவுக்கு,

அங்கே நீ சுகமாக இருக்க வேண்டும், இங்கே எங்கள் உடம்புக்கு ஒரு குறையும் இல்லை. உன் தம்பி கடைவாய்ப் பல்லைப் பிடுங்கிக்கொண்டு வந்து மூன்று நாளாக வாயைத் திறக்கவில்லை, வீடு இவ்வளவு அமைதியாக இருந்து நான் பார்த்ததில்லை. சமையலறைக் குழாய் ஒருவழியாகச் சொட்டுவதை நிறுத்தியது. உன் அறை ஜன்னலுக்குப் புதுக் கொக்கி போட்டாயிற்று. இப்படியே எழுதிக்கொண்டு போனால் சொல்ல வந்ததைச் சொல்லாமலே தாள் தீர்ந்துவிடும்.

போன திங்கட்கிழமை எங்கள் ஆஸ்பத்திரிக்குக் கோர்ட்டிலிருந்து ஒரு காகிதக் கட்டு வந்தது. பணியில் இறந்தவர்களின் குடும்பத்துக்கு முன்னுரிமை கொடுத்து அரசு வேலை தருவது செல்லாது என்று, தேர்வெழுதிக் காத்திருக்கும் ஆறு பேர் போட்ட வழக்கு. வருகிற காகிதங்களுக்குப் பக்க எண் போட்டு நூல் கோத்து வைப்பதுதான் ரெக்கார்டு அறையில் என் வேலை, உனக்குத் தெரியும். போட்டுக்கொண்டே வந்தேன், நாற்பத்தொன்றாம் பக்கம் என்னுடைய நியமன உத்தரவு. பின்வாசல் வழியாக நுழைந்தவர்களுக்கு ஓர் உதாரணமாம். ஆம்புலன்ஸ் ஓட்டப் போன உன் அப்பாவை எந்த வாசல் வழியாகத் தூக்கி வந்தார்களோ, அதே வாசல் வழியாகத்தான் நான் வேலைக்குப் போனேன், அது முன்வாசல். சரி, வக்கீல்கள் அப்படித்தான் எழுதுவார்கள் என்று விழுங்கிக்கொண்டு தாளைத் திருப்பினால் நாற்பத்திரண்டில் ஏழாம் வாய்ப்பாடு. ஏழெட்டு ஐம்பத்து நான்கு என்று தப்போடு. இரண்டாம் வகுப்பில் அந்த உத்தரவின் பின்பக்கத்தில் நீ எழுதி என்னிடம் அடி வாங்கியது. ஜெராக்ஸ் கடைக்காரர் இரண்டு பக்கத்தையும் எடுத்துக் கொடுத்திருக்கிறார், நீயும் கவனிக்கவில்லை. போன முறை வந்தபோது முகவரிச் சான்று வேண்டும் என்று பீரோ சாவி கேட்டாயே, அப்போதுதானே எடுத்தாய்?

மனுவில் உன் பெயர் இல்லை. ஆனால் அந்த ஆறு பேரும் உன்னோடு தேர்வெழுதியவர்கள், அவர்களுக்காகத்தான் எடுத்துக் கொடுத்திருக்கிறாய். தேர்ச்சி பெற்றும் இடம் கிடைக்காமல்தான் நீ அவ்வளவு தூரம் போனாய், அந்தக் கொதிப்பு எனக்குப் புரியாமல் இல்லை. என் நாற்காலிக்காக வேறு யாரோ காத்திருந்திருப்பார்கள் என்று நானும் பல நாள் நினைத்ததுண்டு. அதே நாற்காலிதான் உன்னைப் படிக்க வைத்தது. கேட்டிருந்தால் சண்டை போட்டிருப்பேன், இரண்டு நாள் முகம் கொடுத்துப் பேசியிருக்க மாட்டேன், மூன்றாம் நாள் நானே எடுத்துக் கொடுத்திருப்பேனோ என்னவோ. அது எனக்கே தெரியாதபடி செய்துவிட்டாய்.

இன்னொன்றும் கேள். அலுவலகக் கோப்பிலிருந்துதான் உத்தரவு வெளியே போயிருக்கிறது என்று சூப்பிரண்டு முடிவுகட்டி, எங்கள் அட்டெண்டர் அண்ணனுக்கு விளக்கம் கேட்டு மெமோ கொடுத்துவிட்டார். அண்ணன் அந்த வாய்ப்பாட்டைக் காட்டினால், ஏதோ பழைய தாளின் பின்னால் நகல் எடுத்திருக்கிறான் என்கிறார். அண்ணன் ஓய்வு பெற எட்டு மாதம் இருக்கிற மனிதர். உனக்குக் காய்ச்சல் என்று நான் ஓடி வந்த நாளெல்லாம் என் வேலையையும் சேர்த்துப் பார்த்தவர். இரண்டு நாள் நான் வாயே திறக்கவில்லை. நேற்று என் மேசையருகே வந்து நின்று, "ஏம்மா, நீயுமா நான்தான் எடுத்தேன்னு நினைக்கிறே?" என்றார். நான் அடுத்த தாளுக்குப் பக்க எண் போட்டேன். அவர் போய்விட்டார்.

இன்று காலை எழுதிக் கொடுத்துவிட்டேன். அந்தத் தாள் என் வீட்டு பீரோவிலிருந்து போனது, எடுத்தவள் என் மகள் என்று உன் முழுப் பெயரையும் எழுதினேன். சூப்பிரண்டு இரண்டு தடவை படித்துவிட்டு, "யோசிச்சுதான் எழுதினீங்களா? பெத்த பொண்ணாச்சே" என்றார். ராத்திரி முழுக்க அதைத்தான் யோசித்தேன் என்றேன். உன்னைக் கேட்டுச் செய்யவில்லை. ஆனால் இந்த விஷயம் வேறு யார் மூலமாகவும் உன் காதுக்கு வரக்கூடாது, அதற்காகத்தான் இந்தக் கடிதம்.

உனக்கு நல்ல வேலை அமையட்டும், வழக்கிலும் எது சரியோ அது நிற்கட்டும். குளிரில் காதை மூடிக்கொண்டு போ. அட்டெண்டர் அண்ணனுக்கு உன் கைப்பட நாலு வரி எழுது, மறந்துவிடாதே. எனக்கு மெதுவாக எழுதலாம்.

இப்படிக்கு,
உன் அம்மா