நீ எடுக்காத வெற்றிலை

அக்கா,

உன்னைச் சிரிக்க வைத்துவிட்டார்கள்.

போன வியாழக்கிழமை திண்டிவனத்தில் என் வேர்க்கடலை மண்டியில் எடை போட்டுக்கொண்டிருந்தேன். பிளக்ஸ் அடிக்கிறவன் பேனரைச் சுருட்டிக்கொண்டு வந்து இறக்கினான். பிரித்ததும் புது பிளக்ஸின் நெடி, டயர் கடைக்குள் நுழைந்த மாதிரி, மல்லாட்டைத் தூசியையும் மீறி மூக்கில் ஏறியது. ஆள் உயரத்துக்கு உன் முகம். பக்கத்தில் "மன்னித்த தாய்" என்று மஞ்சள் எழுத்து. கீழே, ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் நம் ஊர் பஸ் ஸ்டாப்பில் நல்லிணக்கக் கூட்டம். சிறப்புரை என்று என் பெயர்.

உன் வாக்காளர் அட்டையில் இருந்த படம்தான். அதில் நீ போட்டோக்காரனை முறைத்துக்கொண்டிருப்பாய்.

"இன்னாப்பா, வாயி வேற மாதிரி இருக்கு?"

"அம்மா மூஞ்சி கொஞ்சம் கடுப்பா இருந்துச்சு சார். தலைப்புக்கு செட் ஆவல. லைட்டா சிரிக்க வச்சிட்டோம்."

நீ போய் மூன்று மாதம்தான் ஆகிறது. உயிரோடிருந்தபோது இந்த வேலையை யாராலும் செய்ய முடியவில்லை.

பேனர் அடிக்கச் சொன்னது யார் தெரியுமா? அந்தக் காலத்துப் பஞ்சாயத்துத் தலைவருடைய மகன். இப்போது அவன் தலைவர் தேர்தலுக்கு நிற்கிறான். கெட்டவன் என்று சொல்லமாட்டேன். நம் காலனி எரிந்த அன்றைக்கு அவன் பால்வாடியில் இருந்திருப்பான். உன் அடக்கத்துக்கு வந்து, குழி மூடுகிறவரை நின்றான். மழைச் சேற்றில் உன் பெட்டியைத் தூக்க முடியாமல் நாங்கள் தடுமாறியதைப் பார்த்துவிட்டு, ஜெயித்தால் கல்லறைக்கு ரோடு போட்டுத் தருகிறேன் என்றான். பிறகு மண்டிக்கு வந்தான்.

"அண்ணே, எங்க அப்பா கேக்காத மன்னிப்ப நான் கேக்கறேன். அந்தம்மா மன்னிச்சிட்டுத்தான் போனாங்கன்னு நீங்க மேடையில ஒரு வார்த்த சொல்லுங்க. மீதிய நான் பாத்துக்கறேன்."

ஒரு வார்த்தை. அதற்கு மூன்று நாள் தூக்கம் போனது.

நம் பையன்கள் பஸ் ஸ்டாப்பில் கொடிக்கம்பம் நட்டதற்காக ஊர்த்தெருக்காரர்கள் திரண்டு வந்தது, இருபது வருஷத்துக்கும் மேலான கதை. கூரைகள் எல்லாம் ஒரே மூச்சில் எரிந்தன. உன் புருஷன் மாட்டை அவிழ்க்க உள்ளே ஓடினார். மாடு வெளியே வந்தது. அவர் மேல் விட்டம் விழுந்தது. பெரியாஸ்பத்திரியில் பத்து நாள் கிடந்து போனார்.

அதற்குப் பிறகுதான் கட்டுப்பாடு போட்டார்கள். காலனிக்காரனுக்கு வேலை தரக்கூடாது, கடையில் சாமான் தரக்கூடாது. உப்பு வாங்க விக்கிரவாண்டிக்கு நடந்தோம். அறுப்புக் காலத்தில் நம் பெண்கள் வரப்பில் நின்று வேறு ஊர் ஆட்கள் அறுப்பதைப் பார்த்தார்கள். அந்த நேரத்தில்தான் விழுப்புரத்தில் அதிகாரிகள் பேச்சுவார்த்தை வைத்தார்கள். நம் பக்கம் படித்தவன், வியாபாரம் தொடங்கியவன் என்று என்னை அனுப்பினீர்கள்.

அங்கே அந்தத் தலைவர் எழுந்து, "எங்களால ஏதாச்சும் தப்பு நடந்திருந்தா மன்னிச்சுக்குங்க" என்றார். தாம்பாளத்தில் வெற்றிலை பாக்கு நீட்டினார்கள். நம் வட்டாரத்தில் பிணக்கு தீர்ந்தது என்பதற்கு அதுதானே அடையாளம், எடுத்துவிட்டால் பேச்சு முடிந்தது. நான் எடுத்தேன்.

மண்டியில் ஒவ்வொரு பேரம் முடியும்போதும் வெற்றிலை எடுத்த கை, பழக்கத்தில் தானாகப் போய்விட்டது என்று இத்தனை வருஷமாக எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருந்தேன். உன்னிடம் எதற்குப் பொய்? நம் ஜனம் பட்டினி கிடந்தது நிஜம். அதே நேரம் எனக்கு மல்லாட்டை வந்துகொண்டிருந்தது ஊர்த்தெருக்காரர்களின் நிலத்திலிருந்து. இரண்டும் சேர்ந்துதான் கையை நீட்ட வைத்தன. எது முதலில் நீட்டியது என்று இன்றைக்கும் என்னால் பிரித்துச் சொல்ல முடியவில்லை. அதோடு விட்டேனா? வழக்கு வந்தபோது வீடு வீடாகப் போய், இருட்டில் யாரையும் அடையாளம் தெரியவில்லை என்று சாட்சி சொல்லச் சொன்னதும் நான்தான்.

நீ ஒருத்திதான் கேட்கவில்லை. "நீ எடுத்த வெத்தலய நீயே மென்னுக்கோடா. என் வாயி செவக்காது" என்றாய். உன் ஒற்றைச் சாட்சியை வைத்துக்கொண்டு கோர்ட்டில் ஒன்றும் நிற்கவில்லை.

பிறகு நீ என் மண்டிக்கே மல்லாட்டை சலிக்க வந்தாய். நீ வந்து உட்கார்ந்த முதல் நாள் நான் கல்லாவை விட்டு எழவே இல்லை. நீயோ பக்கத்திலிருந்தவளிடம் அரிசி விலையைப் பேசிக்கொண்டு சல்லடையை ஆட்டிக்கொண்டிருந்தாய். ஒருநாள் டீ நேரத்தில், "என்னையாவது மன்னிச்சிட்டியாக்கா?" என்று கேட்டேன்.

"உன்ன எதுக்குடா மன்னிக்கணும்? உன்னத்தான் தெனம் திட்டிக்கினு இருக்கேனே. திட்ற வரிக்கும் நீ எனக்குத் தம்பி."

"அப்ப அவுங்கள?"

"எவுங்கள? 'நாங்க'ன்னு ஒருத்தன் இருக்கானா இன்னா? மாதா கோயில்ல பாவசங்கீர்த்தனத்துல போய் 'நாங்க பாவிங்க சாமி'ன்னு சொல்லிப் பாரு, சாமியார் வுடுவாரா? ஒவ்வொருத்தனா முட்டி போட்டு, இத்த நான் செஞ்சேன்னு சொல்லணும். அப்படி ஒருத்தன் வரட்டும். அப்பவும் குடுப்பனோ மாட்டனோ. மொதல்ல வரட்டும்."

ஒருத்தனும் வரவில்லை. நீ போய்விட்டாய்.

ஞாயிற்றுக்கிழமை மேடை ஏறினேன். உன் சிரித்த முகம் என் முதுகுக்குப் பின்னால். முதல் வரிசையில் உன் மகள் ஸ்டெல்லா. சுற்றி வளைக்காமல் சொன்னேன்: "அக்கா மன்னிக்கல. வெத்தல எடுத்தது நான். எடுக்க எனக்கு உரிம இல்ல. சாட்சிங்கள மாத்துனதும் நான்தான்."

கைதட்டல் எதுவும் இல்லை. காலனிப் பையன்கள் பக்கத்திலிருந்துதான் முதல் குரல் வந்தது. "ரோடு வர்ற நேரத்துல இன்னா மாமா இது? மண்டியில காத்தாடி போட்டுக்கினு ஒக்காந்திருக்கிற ஆளுக்கு இன்னா, பேசுவ!" அவர்களைக் குறை சொல்ல முடியாது. அந்தச் சேற்றில் நடப்பது அவர்கள்தான்.

ஸ்டெல்லா எழுந்தாள். "எங்கம்மா இருந்திருந்தா ரோட்டையும் வாங்கியிருக்கும், மன்னிப்பையும் குடுத்திருக்காது. ரோடு நம்ம உரிம மாமா. நீதான் எதயும் ஒண்ணு குடுத்து ஒண்ணு வாங்கறதாவே பாக்கற." உன் வாய் அப்படியே அவளுக்கு.

தலைவர் மகன் மைக்கைக் கையில் பிடித்தபடி நின்றான். அவன் குரல் மேடைப் பேச்சு மாதிரி இல்லை. "அப்ப நான் யார்கிட்டண்ணே கேக்கறது?" நல்ல கேள்வி.

அப்போது ஊர்த்தெருப் பக்கம் நாற்காலிகளுக்கு நடுவில் கோவிந்தன் எழுந்தார். இருபது வருஷமாக எனக்கு மல்லாட்டை போடுகிறவர், எழுபது வயசுக்கு மேல். "பெரிப்பா, ஒக்காரு" என்று பக்கத்தில் எவனோ வேட்டியைப் பிடித்து இழுத்தான். அவர் கையைத் தட்டிவிட்டார்.

"அந்தம்மா வூட்டுக் கூரையில நெருப்பு வச்சது நான்தான். அத்தினி பேர்ல ஒருத்தன்னு சொல்லிக்கினே இத்தினி நாளு தூங்கிட்டேன்" என்றார்.

போலீஸ்காரர் ஒருவர் தொப்பியைக் கழற்றி மறுபடி மாட்டிக்கொண்டார். ஸ்டெல்லா கோவிந்தனையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு வீட்டுக்கு நடந்தாள். கூட்டம் எப்படிக் கலைந்தது என்று எனக்கு நினைவில்லை.

அன்றைக்குச் சாட்சிக்கூண்டில் ஏறி அவரைக் காட்டியிருக்க வேண்டியவர்களை ஊமையாக்கியவன் நான். அவருடைய தூக்கத்துக்குப் பாய் விரித்தவன் என்றே சொல்லலாம்.

மறுநாள் அவர் வழக்கம்போல மூட்டைகளோடு மண்டிக்கு வந்தார். வந்ததும் என் எதிரே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்காருகிற மனுஷன், வாசலிலேயே வெயிலில் நின்றார்.

"அந்தப் பொண்ணு வூட்டுக்குப் போனேன். கதவத் தொறக்கல. நீ இன்னாப்பா சொல்ற?"

மன்னித்துவிட்டேன் என்று சொல்லியிருக்கலாம். அவருக்கும் பாரம் இறங்கும், எனக்கும் நல்ல பேர். நாக்கு நுனிவரை வந்தது. "அது என் கையில இல்ல பெரியவரே. ஒரு தரம் அக்காவக் கேக்காமலே எடுத்துக் குடுத்துட்டேன். இன்னொரு தரம் மாட்டேன்" என்றேன்.

"அப்ப இதுக்கு முடிவே இல்லியா?"

"தெரியல."

அவர் கோபப்படவில்லை. "சரிதான்" என்றார். அவ்வளவுதான்.

உன்னை இப்போது நினைக்கும்போது கோபமும் வருகிறது அக்கா. இன்னும் மூன்று மாதம் இருந்திருக்கக்கூடாதா? நீ கொடுத்திருப்பாயோ, மாட்டாயோ, அதையாவது பார்த்திருப்போம். தலைவர் மகன் இன்னும் நம் தெருவில் வீடு வீடாக வருகிறான். இப்போது யாரிடமும் மன்னிப்பு கேட்பதில்லை, அன்றைக்கு உங்கள் வீட்டில் என்ன போச்சு என்று கேட்கிறான். ஓட்டுக்காகத்தான் கேட்கிறானா என்றால், ஓட்டுக்காகவும்தான். நம் ஜனம் சொல்ல ஆரம்பித்திருக்கிறது. நல்லதா கெட்டதா என்று எனக்கு இன்னும் பிடிபடவில்லை.

நேற்று கோவிந்தன் சரக்கு எதுவும் இல்லாமலே மண்டிக்கு வந்தார். உள்ளே வாங்க என்றால் வருகிறார், உட்காரச் சொன்னால் உட்காருவதில்லை. கொஞ்ச நேரம் நின்றுவிட்டுப் போகிறார். இன்றைக்கும் வந்தார். உன் மன்னிப்பை நீ உன்னோடு எடுத்துக்கொண்டு போய்விட்டாய். இந்த மனுஷனை என்னிடம் விட்டுவிட்டுப் போயிருக்கிறாய்.